டஹோமேயிலிருந்து பெனின் வரை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புதுச்சேரியில் மாதம் ஒரு முறை கூடும் சிறிய வாசகர் வட்டம் ஒன்றில் மேற்கு ஆப்பிரிக்க வரலாற்றைப் பற்றிப் பேசத் தொடங்கியதிலிருந்து, ஒரே வகையான ஐயங்கள் திரும்பத் திரும்ப என்னிடம் வந்துகொண்டிருந்தன. டஹோமேயின் பெண் படையை வைத்து 2022இல் ஒரு ஹாலிவுட் படம் வந்த பிறகு அவை இன்னும் பெருகிவிட்டன. கேட்டவர்களின் சொற்களை இயன்றவரை மாற்றாமல் கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். முன்பே விளக்கியதை மறுபடி விளக்காமல் சுட்டிக்காட்டி மட்டும் செல்வதால், மேலிருந்து வரிசையாகப் படிப்பது நல்லது.

டஹோமே என்று ஒரு நாடு இருந்ததாகச் சொல்கிறீர்கள். உலக வரைபடத்தில் தேடினால் கிடைக்கவில்லையே?

நாடு அங்கேயேதான் இருக்கிறது, பெயர்தான் மாறிவிட்டது. 1960 ஆகஸ்ட் 1 அன்று பிரான்சிடமிருந்து டஹோமே குடியரசாக விடுதலை பெற்ற நாடு, 1975 நவம்பர் 30 முதல் பெனின் என்று அழைக்கப்படுகிறது. கிழக்கே நைஜீரியா, மேற்கே டோகோ, வடக்கே நைஜரும் புர்க்கினா பாசோவும், தெற்கே அட்லாண்டிக் கடல். பரப்பில் தமிழ்நாட்டைவிடச் சற்றுச் சிறியது. கடற்கரையின் நீளம் ஏறத்தாழ 120 கிலோமீட்டர்தான். அதாவது சென்னைக்கும் புதுச்சேரிக்கும் இடைப்பட்ட தூரம்கூட இல்லை. அந்தக் குறுகிய கரைதான் இந்த வரலாறு முழுவதையும் இயக்கியது.

அப்படியானால் புகழ்பெற்ற பெனின் வெண்கலச் சிற்பங்கள் இந்த நாட்டுடையவையா?

இல்லை. நூற்றுக்குத் தொண்ணூறு பேர் தவறுகிற இடம் இது. அந்தச் சிற்பங்கள் ஏதோ மக்களின் பெனின் அரசைச் சேர்ந்தவை. (‘ஏதோ’ என்பது அந்த மக்களின் இனப்பெயர், நம் ஊர் ‘ஏதோ’ அன்று.) அந்த அரசின் தலைநகரான பெனின் நகரம் இன்றைய நைஜீரியாவில் இருக்கிறது. 1897இல் அதைக் கைப்பற்றிய பிரிட்டிஷ் படை அச்சிற்பங்களை அள்ளிச் சென்றது.

அந்தப் பழைய அரசின் பெயரால் ஐரோப்பிய மாலுமிகள் அருகிலிருந்த விரிகுடாவைப் பெனின் விரிகுடா என்றனர். அந்த விரிகுடாவின் பெயரைத்தான் டஹோமே 1975இல் தனக்குச் சூட்டிக்கொண்டது. ஏன் என்பதைக் கடைசிக்கு முந்தைய பதிலில் சொல்கிறேன்.

டஹோமே என்பதற்கு என்ன பொருள்?

டஹோமே அரசை அமைத்த ஃபோன் மக்களின் மொழியில் ‘தானின் வயிற்றுக்குள்’ என்று பொருள் சொல்வது மரபு. அலாடா என்ற ஊரின் அரச குடும்பத்தில் பிணக்கு ஏற்பட்டு, ஒரு கிளையினர் வடக்கே சென்று அபோமே மேட்டு நிலத்தில் குடியேறினர் என்றும், அங்கே ‘தான்’ என்ற பெயருடைய தலைவனிடம் மேலும் மேலும் நிலம் கேட்டதால், “கடைசியில் என் வயிற்றிலும் வீடு கட்டுவாய் போலிருக்கிறது” என்று அவன் சலித்துக்கொண்டான் என்றும், அவனைக் கொன்று அவன் உடலின்மீதே அரண்மனை எழுப்பப்பட்டது என்றும் கதை. வந்தேறிகள் தங்கள் வன்முறையைத் தாங்களே பெயராக வைத்துக்கொண்ட அரசு என்று இதைப் படிக்கலாம். கதை எந்த அளவு உண்மையோ, அதைப் பெருமையுடன் சொல்லிவந்தார்கள் என்பது உண்மை.

அரசை ஒழுங்காக அமைத்தவராகக் கருதப்படுபவர் பதினேழாம் நூற்றாண்டின் நடுவில் ஆண்ட ஹுவெக்பாஜா. ஒவ்வோர் அரசனும் தான் பெற்றதைவிடப் பெரிய நாட்டை அடுத்தவனிடம் ஒப்படைக்க வேண்டும் என்பது அந்த வம்சத்தின் கொள்கை.

கடலோர அரசு என்கிறீர்கள், ஆனால் தலைநகர் அபோமே கடலிலிருந்து நூறு கிலோமீட்டர் உள்ளே இருக்கிறதே?

நல்ல கேள்வி. டஹோமே பிறப்பால் உள்நாட்டு அரசு. கடற்கரையை அது பிறரிடமிருந்து பறித்தது. அகாஜா என்ற அரசர் 1724இல் அலாடாவையும் 1727இல் ஹுவேதா அரசையும் வென்றார். ஹுவேதாவின் துறைமுக ஊர்தான் வீதா. ஹுவேதா மக்கள் மலைப்பாம்பைத் தெய்வமாக வணங்குபவர்கள். எதிரி கடக்க வேண்டிய ஆற்றுத்துறையில் படையை நிறுத்தாமல் பாம்புத் தெய்வத்தை நம்பியிருந்தார்கள் என்று அக்காலத்தில் அங்கு வந்த ஆங்கிலக் கப்பல் தலைவர் ஸ்னெல்கிரேவ் எழுதிவைத்திருக்கிறார். வென்றவனின் பக்கத்திலிருந்து கேட்ட கதை என்பதால் கொஞ்சம் குறைத்தே நம்ப வேண்டும். வீதாவில் அந்தப் பாம்புக் கோயில் இன்றும் இருக்கிறது.

அபோமே அரசர்கள் ஒவ்வொருவருக்கும் ஒரு சின்னம் உண்டு. அகாஜாவின் சின்னம் ஐரோப்பியப் பாய்மரக் கப்பல். ஆனால் அவர் பிடித்த கரையில் கப்பல் வந்து ஒதுங்க இயற்கைத் துறைமுகம் கிடையாது. கப்பல்கள் தொலைவில் நங்கூரமிட, தோணிக்காரர்கள் பேரலைகளைக் கடந்து ஆட்களையும் சரக்கையும் ஏற்றி இறக்கினார்கள். துறைமுகம் கட்டப்படுவதற்கு முன்பு சென்னையில் மசூலா படகுகள் செய்த அதே வேலை. வீதாவில் வெள்ளையரோடு பேச ‘யொவொகன்’ என்ற அதிகாரியை அரசர் அமர்த்தினார். ‘வெள்ளையருக்கான தலைவர்’ என்பது அச்சொல்லின் பொருள்.

இந்த வெற்றிகளால் டஹோமே எவருக்கும் கட்டுப்படாத அரசாகிவிடவில்லை. கிழக்கிலிருந்த ஓயோ அரசின் குதிரைப்படை 1726 முதல் மீண்டும் மீண்டும் படையெடுத்து அதைப் பணியவைத்தது. அப்போது தொடங்கிய கப்பம் 1823இல் அரசர் கெசோ காலத்தில்தான் நின்றது.

அடிமை வணிகத்தில் டஹோமே அரசர்கள் பாதிக்கப்பட்டவர்களா, கூட்டாளிகளா?

கூட்டாளிகள். இதை மென்மையாக்கிச் சொல்லும் பழக்கம் எனக்கும் முன்பு இருந்தது; இப்போது இல்லை. பெனின் விரிகுடாக் கரையிலிருந்து ஏறத்தாழ 20 லட்சம் பேர் கப்பலேற்றப்பட்டனர். அவர்களில் பாதி அல்லது அதற்கும் மேற்பட்டோர் வீதா வழியாகச் சென்றவர்கள் என்பது ஆய்வாளர்களின் கணக்கு. பிரெஞ்சு, ஆங்கிலேய, போர்த்துகீசியக் கோட்டைகள் மூன்றும் அந்த ஒரே ஊரில் நடக்கிற தூரத்தில் நின்றன. ஆண்டுதோறும் நடந்த படையெடுப்புகளில் பிடிபட்ட மஹி, யொருபா மற்றும் பிற அண்டை மக்களே பெரும்பாலும் விற்கப்பட்டார்கள். ஆகவே ‘தன் மக்களையே விற்றார்கள்’ என்று சொல்வதும் சரியல்ல. அபோமேயின் கண்ணில் அவர்கள் எதிரிகள். ஆனால் அந்த எதிரிகளின் பேரப்பிள்ளைகளும் இன்றைய பெனின் குடிமக்கள்தான் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

ஒரு மனிதரைக் குறிப்பிட்டாக வேண்டும். பிரேசிலிலிருந்து வந்த ஃபிரான்சிஸ்கோ ஃபெலிஸ் த சோசா, 1818இல் அரசர் அதாந்தோசானைக் கவிழ்க்க இளவரசர் கெசோவுக்குத் துணைநின்றார். கைமாறாக ‘சாசா’ என்ற பட்டத்தையும் வீதாவின் வணிகத்தில் முதன்மையையும் பெற்று, 1849இல் இறக்கும்வரை அக்கரையின் பெரும்புள்ளியாக வாழ்ந்தார். கவிழ்க்கப்பட்ட அதாந்தோசானின் பெயரோ அதிகாரபூர்வ அரசர் வரிசையிலிருந்தே நீக்கப்பட்டது. இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆண்டவருக்கு அரண்மனைச் சுவரில் சின்னம்கூட இல்லை. எதிர்ப்புறத்தின் நினைவு நொகுவே ஏரியில் இருக்கிறது: அடிமைப் பிடிப்பிலிருந்து தப்ப நீரின்மீது கால்நட்டு வீடுகட்டிய கான்வியே என்ற ஊர். ஃபோன் படையினர் சமய விலக்கு காரணமாகத் தண்ணீரில் இறங்கித் தாக்க மாட்டார்கள் என்ற நம்பிக்கையில் அங்கே குடியேறியதாக அவ்வூரார் சொல்வர்.

மனிதர்களுக்கு விலையாக என்ன கொடுத்தார்கள்? அங்கே பணம் புழங்கியதா?

புழங்கியது, சோழிதான் பணம். நாம் பல்லாங்குழியிலும் தாயத்திலும் உருட்டும் அதே சோழி. ஓட்டையிட்டு நூலில் கோத்து, நூலுக்கு 40 என்று எண்ணுவார்கள். இந்தச் சோழி ஆப்பிரிக்கக் கரையில் கிடைப்பதல்ல, மாலத்தீவில் எடுக்கப்பட்டது. மாலத்தீவுக்காரர்கள் அதை இலங்கைத் துறைகளுக்கும் வங்காளத்துக்கும் கொண்டுவர, டச்சு, ஆங்கிலக் கம்பெனிக் கப்பல்கள் அடிப்பாரமாக ஏற்றி ஐரோப்பாவுக்கு எடுத்துச் சென்றன. அங்கே ஏலம் போன சோழி மறுபடி கப்பலேறி வீதாவில் இறங்கியது.

சோழி தவிர, துப்பாக்கி, சாராயம், பிரேசில் புகையிலை, துணி ஆகியவையும் விலையாகக் கொடுக்கப்பட்டன. துணியில் பெரும்பங்கு இந்தியப் பருத்தித் துணி. சோழமண்டலக் கரையில் நெய்ததும் அதில் உண்டு. இந்த வரலாறு நமக்கு முற்றிலும் அந்நியமானதல்ல என்று நான் சொல்வது இதனால்தான்.

படத்தில் காட்டும் பெண் படை உண்மையா, கற்பனையா?

படை உண்மை. அகோஜியே என்றும், ஃபோன் மொழியில் ‘எங்கள் தாய்மார்’ என்று பொருள்படும் மினோ என்றும் அழைக்கப்பட்ட அப்பெண்கள், சட்டப்படி அரசரின் மனைவியராகக் கருதப்பட்டவர்கள்; அரண்மனைக்குள் தங்கியவர்கள். கெசோ காலத்தில் (1818–1858) அவர்கள் ஆயிரக்கணக்கில் பெருகினார்கள். 1851இலும் 1864இலும் யொருபா நகரான அபெயோகுட்டாவைத் தாக்கி, இரு முறையும் பெரும் இழப்போடு திரும்பினார்கள்.

அவர்கள் அடிமை வணிகத்தை எதிர்த்ததாகக் காட்டுவதுதான் கற்பனை. அவர்கள் போருக்குச் சென்றதே பெரும்பாலும் ஆள்பிடிக்கத்தான். பிரிட்டிஷ் கடற்படை கரையை முற்றுகையிட்ட பின்னரே, 1852 ஜனவரியில், கெசோ வணிகத்தை நிறுத்தும் உடன்படிக்கைக்கு இசைந்தார்; அதுவும் நிலைக்கவில்லை. அமெரிக்காவுக்கு அடிமைகளை ஏற்றிச் சென்ற கடைசிக் கப்பல் எனப்படும் கிளாட்டில்டா, 1860இல், அவர் மகன் கிளெலேயின் ஆட்சியில், வீதாவில்தான் ஆளேற்றியது.

அடிமை வணிகம் நின்றதும் அரசு எதை வைத்துப் பிழைத்தது?

எண்ணெயை வைத்து. ஆனால் இது நம் பனைமரம் அன்று, செம்பனை. ஐரோப்பாவில் சோப்புக்கும் இயந்திரங்களுக்கும் அந்தச் சிவந்த எண்ணெய் தேவைப்பட்டது. மார்செய் நகரத்து ரெஜிஸ் நிறுவனம் 1840களின் தொடக்கத்தில் வீதாவின் பழைய பிரெஞ்சுக் கோட்டையிலேயே கடை விரித்தது. ஏற்றுமதியாகாத அடிமைகள் இப்போது உள்நாட்டுத் தோப்புகளில் காய் குலைகளைச் சுமந்தார்கள்.

போர்ட்டோ நோவோ என்றால் நம் பரங்கிப்பேட்டை அல்லவா? அது எப்படி இன்றைய பெனின் நாட்டின் தலைநகர் ஆகும்?

இரண்டும் வேறு ஊர்கள். பெயர் வைத்த வாய் ஒன்று. ‘புதிய துறைமுகம்’ என்று பொருள்படும் இந்தப் பெயரைப் போர்த்துகீசியர் சோழமண்டலத்திலும் வைத்தார்கள், பெனின் விரிகுடாவிலும் வைத்தார்கள். ஆப்பிரிக்க ஊரின் சொந்தப் பெயர் ஹொக்பொனு; யொருபாவில் அஜாஷே.

முக்கியமானது, அது அபோமேயின் போட்டி அரசு. மேலே சொன்ன அலாடா பிணக்கில் இன்னொரு சகோதரர் நிறுவியதாக மரபு. அபோமேக்கும் லாகோசில் இருந்த பிரிட்டிஷாருக்கும் அஞ்சிய அதன் அரசர்கள் 1863இல் பிரெஞ்சுப் பாதுகாப்பை நாடினார்கள். அது சிறிது காலத்தில் கைவிடப்பட்டு, அரசர் தொஃபா காலத்தில் 1880களின் தொடக்கத்தில் மீண்டும் வந்தது. பிரான்ஸ் இந்த மண்ணில் காலூன்றியது ஒரு பகையின் இடுக்கில்தான்.

பிரெஞ்சுக்காரர்கள் டஹோமேயுடன் ஏன் போருக்குப் போனார்கள்?

உடனடிக் காரணம் கொத்தோனு என்ற கடற்கரை ஊர். அந்தக் கடற்கரையைத் தங்களுக்கு 1868, 1878 உடன்படிக்கைகளில் விட்டுக்கொடுத்ததாகப் பிரெஞ்சுக்காரர் சொன்னார்கள். தான் எதையும் கொடுக்கவில்லை என்று கிளெலே சொன்னார். 1890இல் முதல் போர் மூண்டு, அக்டோபரில் ஓர் உடன்படிக்கையில் முடிந்தது: கொத்தோனுவில் பிரெஞ்சுக்காரர் இருக்கலாம், அதற்கு ஆண்டுக்கு 20,000 பிராங்க் கொடுக்க வேண்டும். இரு தரப்பும் இதை மூச்சுவாங்கும் இடைவேளையாகவே எடுத்துக்கொண்டன. கிளெலேயின் மகன் பெஹான்சின், ஜெர்மன் வணிகர்களிடம் நவீனத் துப்பாக்கிகள் வாங்கினார்.

1892இல் இரண்டாம் போர். பிரெஞ்சுப் படைக்குத் தலைமை தாங்கிய கர்னல் ஆல்ஃபிரெட் தோட்ஸ், செனகலின் சேன் லூயி நகரத்துக் கலப்பினக் குடும்பத்தில் பிறந்தவர். அவர் படையிலும் ஆப்பிரிக்க வீரர்கள் நிறைய இருந்தார்கள். செப்டம்பர் 19 அன்று தோக்பாவில் தொடங்கி ஆற்றோரமாகவே அடுத்தடுத்து மோதல்கள். பெண் படையினர் பெருமளவில் மாண்டது இந்த இரண்டு மாதங்களில்தான். பெஹான்சின் தன் அரண்மனைக்குத் தானே தீவைத்துவிட்டு வடக்கே விலக, நவம்பர் 17 அன்று பிரெஞ்சுப் படை அபோமேக்குள் நுழைந்தது.

எரியாமல் மிஞ்சிய சிலைகள், செதுக்குக் கதவுகள், அரியணை ஆகியவற்றைத் தோட்ஸ் எடுத்துச் சென்றார். பாதி மனிதன், பாதி சுறாவாக நிற்கும் பெஹான்சினின் மரச்சிலை அவற்றுள் ஒன்று. கடலிலிருந்து வருபவனைக் கிழிக்கும் சுறா அவருடைய சின்னம். அவற்றில் 26 பொருள்களைப் பிரான்ஸ் 2021 நவம்பரில் திருப்பிக் கொடுத்தது.

பெஹான்சின் போரில் இறந்தாரா?

இல்லை. ஓராண்டுக்கு மேல் காடுகளில் தப்பித்திருந்து, 1894 ஜனவரியில் சரணடைந்தார். அவரைக் கரீபியன் தீவான மார்த்தினிக்கில் சிறைவைத்தார்கள். 1906இல் அல்ஜீரியாவுக்கு மாற்றினார்கள். அந்த ஆண்டு டிசம்பரிலேயே, ஊர் திரும்பாமல், அங்கே இறந்தார். எலும்புகள் மட்டும் 1928இல் அபோமேக்கு வந்தன. இடையில் அவர் சகோதரர் அகோலி அக்போவைப் பிரெஞ்சுக்காரர்களே அரியணையில் வைத்து, 1900இல் அவரையும் நாடுகடத்தி, அரசையே முடித்துவைத்தார்கள்.

அப்படியென்றால் 1960இல் விடுதலையானது பழைய டஹோமே அரசுதானே?

இல்லை, இந்தத் தொகுப்பில் நான் அழுத்திச் சொல்ல விரும்புவது இதைத்தான். பழைய அரசு இன்றைய நாட்டின் தென்பகுதியில் ஒரு பங்கு மட்டுமே. வடக்கே போர்கு என்ற குதிரைவீரர் நாடும் அதன் நிக்கி நகரமும் அபோமேக்கு ஒருபோதும் கட்டுப்பட்டதில்லை. 1894இல் பிரிட்டிஷ் தரப்பில் லுகார்டும் பிரெஞ்சுத் தரப்பில் தெகேரும் உடன்படிக்கைத் தாளோடு நிக்கிக்குப் போட்டிபோட்டு ஓடியதன் விளைவாகவே அது இரு பேரரசுகளுக்கும் பங்குபோனது. அங்கே கட்டாய வேலைக்கும் ஆள்சேர்ப்புக்கும் எதிராகக் கிளர்ந்த பியோ கேரா 1916இல் போரில் மாண்டார். வடக்கின் வீரர் அவர், பெஹான்சின் அல்லர்.

ஆக, அபோமே, அதனிடம் பறிகொடுத்த கடற்கரை, அதன் போட்டியாளரான போர்ட்டோ நோவோ, அதை அறியவே அறியாத வடக்கு ஆகிய நான்கையும் பிரெஞ்சு நிர்வாகம் ஒரே கோட்டுக்குள் அடைத்து, தோற்றவனின் பெயரையே முழுவதற்கும் சூட்டிவிட்டது.

பிரெஞ்சு ஆட்சியில் வந்த மாற்றங்கள் என்ன?

தலைவரி, கட்டாய வேலை, கொத்தோனுவிலிருந்து வடக்கே 1930களில் பராக்கூவை எட்டிய இருப்புப்பாதை. இவற்றைவிட முக்கியம் பள்ளிக்கூடம். கரையோர மிஷன் பள்ளிகளில் படித்த டஹோமேக்காரர்கள் பிரெஞ்சு மேற்கு ஆப்பிரிக்கா முழுவதும் எழுத்தர்களாகவும் ஆசிரியர்களாகவும் பரவினார்கள். ‘ஆப்பிரிக்காவின் லத்தீன் குவார்ட்டர்’ என்று, பாரிஸின் படிப்பாளிகள் பேட்டையை வைத்து, நாட்டுக்கே பட்டப்பெயர் வந்தது. பிரெஞ்சிந்தியாவிலிருந்து இந்தோசீனாவுக்குப் போன புதுச்சேரிக் குடும்பங்களை அறிந்தவர்களுக்கு இந்தக் கதை புதிதாக இராது. முடிவும் ஏறக்குறைய அதேதான்: 1958இல் ஐவரி கோஸ்ட்டிலும் 1963இல் நைஜரிலும் ‘எங்கள் வேலையைப் பிடித்துக்கொண்டவர்கள்’ என்று அவர்கள் விரட்டப்பட்டார்கள்.

படித்தவர்கள் பத்திரிகையும் நடத்தினார்கள். ஆசிரியராக இருந்து இதழாளரான லூயி ஹுன்கான்ரின், 1923இல் போர்ட்டோ நோவோவில் வரி உயர்வை எதிர்த்து நடந்த கிளர்ச்சிக்குப் பின் பத்தாண்டுகள் மோரித்தானியப் பாலைவனத்துக்கு நாடுகடத்தப்பட்டார். அங்கும் சும்மா இராமல் அந்நாட்டு அடிமைமுறையைக் கண்டித்து எழுதினார்.

விடுதலைக்காகப் போராட்டம், துப்பாக்கிச் சூடு எல்லாம் நடந்ததா?

ஆயுதப் போராட்டம் நடக்கவில்லை. வாக்குப்பெட்டி வழியாகப் படிப்படியாக வந்த விடுதலை. 1945இல் பாரிஸ் அவைக்குத் தேர்வானவர்களில் ஒருவர் சூரு மிகான் அப்பிதி. 1956இல் பிரான்ஸ் இயற்றிய சட்டம் உள்நாட்டுத் தன்னாட்சி உரிமை தந்தது. 1958 டிசம்பர் 4 அன்று, பிரான்சும் அதன் ஆப்பிரிக்கக் குடியேற்ற நாடுகளும் சேர்ந்த ‘பிரெஞ்சுச் சமூகம்’ என்ற அமைப்புக்குள் ஒரு குடியரசு அறிவிக்கப்பட்டது. செனகல், பிரெஞ்சு சூடான் (இன்றைய மாலி) ஆகியவற்றோடு மாலி கூட்டமைப்பில் சேரும் பேச்சு 1959 தொடக்கத்தில் நடந்து, டஹோமே பின்வாங்கியது. நைஜீரியாவோடும் அண்டை நாடுகளோடும் இருந்த வணிகமும், கொத்தோனுவில் ஆழ்துறைமுகம் கட்டப் பிரான்ஸ் பணம் தரும் என்ற எதிர்பார்ப்பும் அதற்குக் காரணங்கள்.

சண்டை நடந்தது உள்ளுக்குள்தான். அப்பிதிக்குப் போர்ட்டோ நோவோ, அரச வழியினரான ஜுஸ்தேன் அஹோமதெக்பேக்கு அபோமே, ஹூபெர் மாகாவுக்கு வடக்கு என மூன்று தலைவர்களும் மூன்று வட்டாரங்களை வைத்திருந்தார்கள். முந்தைய பதில்களைப் படித்தவர்களுக்கு இந்தப் பிரிவு எங்கிருந்து வந்தது என்று சொல்லத் தேவையில்லை. தெற்கத்தியர் இருவரும் ஒத்துப்போகாததால், 1960 ஆகஸ்ட் 1 அன்று விடுதலையை அறிவித்தவர் வடக்கத்தியரான மாகா.

நல்ல பெயரை ஏன் மாற்றினார்கள்?

யாருக்கு நல்ல பெயர் என்பதுதான் சிக்கல். அபோமேக்குப் பெருமையான சொல், அடிமைகளாகப் பிடிக்கப்பட்டவர்களின் வழிவந்தோருக்கும் வடக்கத்தியருக்கும் அப்படி ஒலிக்கவில்லை. 1972இல் படைப்புரட்சியால் ஆட்சிக்கு வந்த மத்தியூ கெரெக்கூ, வடக்கைச் சேர்ந்தவர், எந்த இனத்துக்கும் சொந்தமில்லாத விரிகுடாவின் பெயரைத் தேர்ந்தார். அண்டை நாட்டு அரசின் பெயர் அது என்ற குழப்பத்தை ஏற்றுக்கொண்டே.

பழைய அரசின் படிமங்கள் அதனால் மறைந்துவிடவில்லை. கெசோவுக்கு உரியதாகச் சொல்லப்படும் துளைப்பானை ஒன்று உண்டு: உடலெங்கும் ஓட்டைகள் உள்ள பானை, நாட்டின் பிள்ளைகள் எல்லாரும் வந்து ஆளுக்கொரு விரலால் ஓட்டையை அடைத்தால் தண்ணீர் நிற்கும் என்பது பொருள். அது இன்று தேசிய ஒற்றுமையின் சின்னம்.

1960 ஆகஸ்ட் 1 அன்று நாட்டின் ஒவ்வோர் அங்குலமும் விடுதலை ஆனது என்று சொல்லலாமா?

சொல்ல முடியாது. வீதாவில் இருந்த மூன்று கோட்டைகளில் போர்த்துகீசியக் கோட்டை, 1721இல் கட்டப்பட்டது, பிரெஞ்சு ஆட்சிக்காலம் முழுவதும் போர்த்துகல் வசமே இருந்தது. நகர நடுவில், சுவருக்குள் அடங்கிய ஒரு துண்டு நிலம். கடைசியில் அதில் போர்த்துகலின் சார்பில் இருந்தவர்கள் இரண்டே பேர். விடுதலை பெற்று ஓராண்டு நிறைந்தபோது, 1961 ஆகஸ்டு பிறக்கும் வேளையில், டஹோமே அரசு காலக்கெடு விதித்து அதை எடுத்துக்கொண்டது. ஒப்படைக்க மனமில்லாத போர்த்துகீசிய அதிகாரி வெளியேறும்முன் கட்டடத்துக்குத் தீவைத்தார். கோவாவுக்குள் இந்தியப் படை நுழைந்தது அதே ஆண்டு டிசம்பரில்.

இரண்டு இழப்புகளையும் லிஸ்பன் தன் நாட்டில் 1974இல் நடந்த புரட்சிக்குப் பின்னரே ஏற்றுக்கொண்டது. வீதாக் கோட்டை தன்னுடையதல்ல என்று 1975இல் அது ஒப்புக்கொண்டது. டஹோமே என்ற பெயர் வழக்கொழிந்ததும் அதே ஆண்டில்தான்.